பேச்சு வரும் வழி

பச்சிளம் குழந்தையின் காதைச் சோதிக்க, கருவியைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக ஏறி இறங்கிய ஊர் கொச்சி. கேட்க வைத்தாயிற்று. இனி எந்த மொழியில் பேச வைப்பது?

ஏலூர் சத்தத்துக்குப் பழகிய ஊர். பெரியாற்றின் கிளைகள் சூழ்ந்த இந்தத் தீவில் 1947ல் ஃபாக்ட் உரத் தொழிற்சாலை உற்பத்தியைத் தொடங்கியது. அதன் பின்னால் வரிசையாக ரசாயன ஆலைகள் வந்தன. கம்ப்ரசர் இரைச்சலும் டேங்கர் லாரிகளின் உறுமலும் இங்கே காற்றோடு கலந்தவை. ஆலையில் முப்பது வருடம் வேலை பார்த்துவிட்டு ஓய்வு பெறுகிறவர், மனைவி இரண்டாவது முறை கூப்பிட்டால்தான் திரும்புவார். இரைச்சலால் வரும் செவிட்டுத்தன்மை சட்டத்தின் அட்டவணையில் முறையாக இடம்பெற்றிருக்கும் தொழில் நோய். சட்டம் இருக்கட்டும், டிவி சத்தத்தை வைத்தே வீட்டில் இருப்பவர்கள் அதைக் கண்டுபிடித்துவிடுகிறார்கள்.

அதே வீட்டில் கேட்கும் திறன் இல்லாமல் பிறந்த பேரக் குழந்தையைக் கண்டுபிடிக்கத்தான் இரண்டு வருடம், சில சமயம் மூன்று வருடம் ஆகிவிடுகிறது.

குழந்தை சிரிக்கிறது. ஆள் வந்தால் பார்க்கிறது. கதவை அறைந்து சாத்தினால் அதிர்வில் திடுக்கிடுகிறது. ஆறு மாதம் வரை மற்றக் குழந்தைகளைப் போலவே மழலை ஒலிகளும் எழுப்புகிறது. யாருக்குச் சந்தேகம் வரும்? வந்தாலும் அதைத் தட்டிக் கழிக்க ஒவ்வொரு வீட்டிலும் ஒரு பாட்டி இருக்கிறாள். "இவன் அப்பனும் நாலு வயசுலதான் பேசினான்" என்பாள். நாக்கில் வசம்பை உரைத்துத் தடவுவார்கள். மலையாள வீட்டில் அதே வசம்பு வயம்பாகித் தேனோடும் பொன்னோடும் உரைக்கப்படும். தமிழில் அந்த வேருக்கு 'பேர் சொல்லா மருந்து' என்றொரு பெயர் உண்டு. பெயரையே சொல்லக் கூடாத மருந்தைப் பேச்சு வருவதற்காகத் தடவுவது வேடிக்கைதான். விஜயதசமியன்று எழுத்தாணி பிடித்தால் எல்லாம் சரியாகும் என்று இன்னும் ஒரு வருடம் போகும்.

போகிற ஒவ்வொரு மாதமும் நஷ்டக் கணக்கு. பிறந்தது முதல் மூன்று, மூன்றரை வயது வரைதான் மூளை ஒலிகளைப் பிரித்தறிந்து மொழியாக்கிக்கொள்ள மிகத் தயாராக இருக்கிறது. அந்தக் காலத்தில் ஒலியே உள்ளே போகவில்லையென்றால், அதற்காக ஒதுக்கப்பட்ட இடத்தை மூளை பார்வைக்கும் வேறு வேலைகளுக்கும் கொடுத்துவிடுகிறது. பிறகு எவ்வளவு உயர்ந்த கருவியை மாட்டினாலும் சத்தம் கேட்கும், சொல் புரியாது. முதல் மாதத்துக்குள் பரிசோதனை, மூன்றாவது மாதத்துக்குள் நோயறிதல், ஆறாவது மாதத்துக்குள் சிகிச்சை: உலகம் முழுவதும் இத்துறையில் ஓதப்படும் 1-3-6 என்ற மந்திரம் இதனால் வந்தது.

கையில் ஒரு கருவி

இந்தியாவில் இந்த மந்திரத்தை முதலில் பெரிய அளவில் செயல்படுத்திக் காட்டிய இடங்களில் ஒன்று எர்ணாகுளம். 2003ல் இந்தியக் குழந்தை மருத்துவர் சங்கத்தின் கொச்சிக் கிளை ஒரு திட்டத்தைத் தொடங்கியது. குழந்தை மருத்துவர் ஆபிரகாம் கே. பால் அதை முன்னின்று நடத்தினார். யோசனை எளிமையானது. பரிசோதனைக் கருவி விலை அதிகம். பிரசவம் நடக்கும் ஒவ்வொரு ஆஸ்பத்திரியும் அதை வாங்காது. வாங்கினாலும் இயக்க ஆள் இருக்காது. எனவே கருவி ஒரு பொது மையத்துக்குச் சொந்தம். பயிற்சி பெற்ற பணியாளர் அதைக் கையில் எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிகளுக்குப் போவார். அன்றைக்கு வீடு திரும்பவிருக்கும் குழந்தைகளின் காதைச் சோதித்துவிட்டு அடுத்த ஆஸ்பத்திரிக்குப் புறப்படுவார். இப்படிச் சுமார் 20 மகப்பேறு ஆஸ்பத்திரிகள் ஒரே வலைக்குள் வந்தன. பால்காரர் பாணி என்று சொல்லலாம்.

சோதனையில் குழந்தைக்கு ஊசியில்லை, வலியில்லை. தூங்கும் குழந்தையின் காதில் சிறு பஞ்சு முனை போன்ற ஒன்றைச் செருகி மெல்லிய 'டிக்' ஒலிகளை அனுப்புகிறார்கள். ஆரோக்கியமான உட்காது அந்த ஒலிக்குப் பதிலாகத் தானும் ஒரு நுண்ணிய ஒலியைத் திருப்பி அனுப்பும். நத்தை எலும்புக்குள் இருக்கும் மயிரணுக்களின் வேலை அது. கருவி அந்த எதிரொலியைப் பிடித்தால் குழந்தை தேறிவிட்டது. இல்லையென்றால் ஆறு வாரம் கழித்து மறுபடியும் ஒரு முறை. அப்போதும் தேறாவிட்டால் தலையில் மின்முனைகளை ஒட்டி, ஒலி மூளைத்தண்டு வரை போகிறதா என்று பார்ப்பார்கள். குறைமாதத்தில் பிறந்து தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்த குழந்தைகளுக்கு இந்த இரண்டாவது சோதனை கட்டாயம்.

பத்தாண்டுக்குச் சற்று மேற்பட்ட காலத்தில் ஒரு லட்சத்துக்கும் அதிகமான குழந்தைகள் சோதிக்கப்பட்டனர். அவர்களில் 162 பேருக்கு நிரந்தரச் செவித்திறன் குறை உறுதியானது. ஆயிரத்துக்கு 1.6. கேட்பதற்குச் சின்ன எண். ஆனால் பிறந்தவுடன் குதிகாலில் குத்தி ரத்தம் எடுத்துத் தேடும் பல நோய்களைவிட இது அதிகம். உறவில் திருமணம், மஞ்சள் காமாலை, குறைந்த எடை என்று ஆபத்து அறிகுறி உள்ளவர்களை மட்டும் சோதித்தால் போதும் என்பது பழைய வாதம். அப்படிச் செய்தால், எந்த அறிகுறியும் இல்லாமல் நல்ல எடையோடு பிறந்து காது கேட்காத குழந்தை வலையிலிருந்து நழுவிவிடும். அப்படிப்பட்டவர்கள் ஒன்றிரண்டு பேர் அல்ல.

2012ல் கேரள அரசு 'ஸ்ருதிதரங்கம்' திட்டத்தைத் தொடங்கியது. ஐந்து வயதுக்கு உட்பட்ட ஏழைக் குழந்தைகளுக்கு இலவசமாகக் காக்ளியர் கருவி பொருத்தும் திட்டம். தமிழ்நாட்டில் முதலமைச்சரின் மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் இந்த அறுவைக்கு இடமுண்டு. 2014ல் மத்திய அரசும் தன் உதவிக் கருவித் திட்டத்தைத் திருத்தி, ஒரு குழந்தைக்கு ரூ. 6 லட்சம் வரை கொடுக்க முன்வந்தது. ஒரு காலத்தில் வீட்டை விற்றுத்தான் வாங்க முடியும் என்றிருந்த கருவி கூலித் தொழிலாளியின் பிள்ளைக்கும் கிடைத்தது. இது சிறிய காரியமில்லை.

ஆ, ஊ, ஈ...

சிக்கல் அறுவை முடிந்த பிறகு ஆரம்பிக்கிறது. அறுவை சில மணி நேரம். மூன்று நாலு வாரம் கழித்துக் கருவியை 'ஆன்' செய்கிறார்கள். அன்றைக்குக் குடும்பமே சுற்றி நின்று பெயரைச் சொல்லிக் கூப்பிடும். குழந்தை பெரும்பாலும் அழும். இரண்டு வயது வரை கேட்டே அறியாத ஒரு ஜீவனுக்கு, திடீரென்று தலைக்குள் ஏதோ நடக்கிறது. அது சத்தம் என்பதே தெரியாது. கருவி ஒலியை மின்துடிப்பாக்கி நரம்புக்குக் கொடுக்கிறது, அவ்வளவுதான். அந்தத் துடிப்புகளில் எது அம்மா, எது மிக்சி என்று பிரித்துச் சொல்லித் தருவது பேச்சு, மொழி சிகிச்சையாளரின் வேலை. வாரத்துக்கு ஒன்றிரண்டு முறையாக வருடக் கணக்கில்.

வெளியிலிருந்து பார்த்தால் இது சிகிச்சை போலவே இருக்காது. தரையில் பாய். பிளாஸ்டிக் கிண்ணம், மரக்கட்டைகள், பொம்மை பஸ். சிகிச்சையாளர் வாயைக் குழந்தை பார்க்காதபடி பக்கத்தில் உட்கார்ந்து ஒலி எழுப்புவார். கேட்டவுடன் குழந்தை ஒரு கட்டையைக் கிண்ணத்தில் போட வேண்டும். ஆ, ஊ, ஈ, ம், ஷ், ஸ் என்ற ஆறு ஒலிகள் போதும். டேனியல் லிங் என்ற நிபுணர் வகுத்த சோதனை இது. தாழ்ந்த சுருதியிலிருந்து உயர்ந்த சுருதி வரை மனிதப் பேச்சின் முழு அகலத்தையும் இந்த ஆறும் அளந்துவிடுகின்றன. 'ம்' கேட்டு 'ஸ்' கேட்கவில்லையென்றால் கருவியை எங்கே திருத்த வேண்டும் என்பது தெரிந்துவிடும். தினமும் காலையில் கருவியை மாட்டியவுடன் அம்மா இதை வீட்டில் செய்ய வேண்டும். பிறகு நாள் முழுவதும் பேச வேண்டும். வெங்காயம் நறுக்கும்போது வெங்காயத்தைப் பற்றி, சட்டை மாட்டும்போது சட்டையைப் பற்றி. பேசாத குழந்தையின் முன்னால் தனியாகப் பேசிக்கொண்டே இருப்பது எவ்வளவு அலுப்பு என்பதைச் செய்தவர்கள்தான் அறிவார்கள். இந்தச் சிகிச்சையில் பாதிக்கு மேல் பெயரில்லாத, சம்பளமில்லாத சிகிச்சையாளர் அம்மாதான். கூலி வேலைக்குப் போகும் அம்மாவுக்கு அந்த நேரம் எங்கிருந்து வரும் என்பதை எந்தத் திட்டமும் கணக்கில் எடுத்ததில்லை.

மற்றொரு செலவும் உண்டு. உள்ளே வைத்த பகுதி பல்லாண்டு உழைக்கும். காதின் பின்னால் மாட்டும் வெளிக்கருவி அப்படியல்ல. வயர் அறும், காயில் உடையும், பேட்டரி தீரும். சில வருடத்தில் கம்பெனி அந்த மாடலையே கைவிட்டுவிடும், உதிரிபாகம் கிடைக்காது. புதியது சில லட்சம். கேரளத்தில் இலவசமாகக் கருவி பெற்ற பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகும் வயதில் இந்தச் சுவரில் முட்டிக்கொண்டதும், பெற்றோர்கள் அரசின் கதவைத் தட்டியதும் 2023ல் செய்தியாயிற்று. பேசக் கற்றுவிட்ட பிள்ளை மீண்டும் மௌனத்துக்குத் திரும்புவது முதலிலிருந்தே கேட்காமல் இருப்பதைவிடக் கொடுமை.

தண்ணீரா, வெள்ளமா?

கொச்சிக்கு இன்னொரு கேள்வி தனியாக இருக்கிறது. மட்டாஞ்சேரியின் சில சதுர மைல்களுக்குள் கொங்கணி, குஜராத்தி, கட்ச்சி, தக்கினி உருது, கன்னடம், தெலுங்கு, தமிழ் எல்லாம் வீட்டு மொழிகள். ஃபோர்ட் கொச்சி வேலி பகுதியின் தோபிகானாவில் தலைமுறை தலைமுறையாகத் துணி வெளுக்கும் வண்ணார் குடும்பங்கள் தமிழ் பேசுகின்றன. தெருவில் மலையாளம். பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம். சிகிச்சை மையத்தில் பெரும்பாலும் மலையாளம்.

அங்கே 'வெள்ளம்' என்று கற்ற பிள்ளை, தாகம் எடுத்து வீட்டுக்கு வந்து பாட்டியிடம் வெள்ளம் கேட்டால், ஏலூரில் இருக்கும் தமிழ்ப் பாட்டி ஜன்னல் வழியாகப் பெரியாற்றைத்தான் எட்டிப் பார்ப்பாள். 2018 ஆகஸ்டில் வீட்டுக்குள் வந்த ஆறு அது.

பேச்சுத் தாமதம் என்று எந்த டாக்டரிடம் போனாலும் இந்தியா முழுவதும் கிடைக்கும் முதல் இலவச ஆலோசனை ஒன்று உண்டு: "வீட்டில் ஒரே மொழி பேசுங்கள்." எந்த மொழி என்று கேட்டால் பள்ளிக்கூட மொழி என்பார்கள். தாய் தன் தமிழை விட்டுவிட்டு, தட்டுத் தடுமாறிய ஆங்கிலத்தில் 'கம்', 'சிட்', 'ஈட்' என்று பிள்ளையிடம் பேச ஆரம்பிப்பாள். ஏற்கெனவே குறைவாகக் கேட்கும் பிள்ளைக்கு இப்போது சொல்லும் குறைந்துபோகும். தாலாட்டு நின்றுவிடும். கதை நின்றுவிடும். வையக் கூடத் தெரியாது.

ஆய்வுகள் வேறுவிதமாகச் சொல்கின்றன. இரண்டு மொழி கேட்பதால் பேச்சுத் தாமதம் உண்டாவதில்லை. மொழிக் குறைபாடு இருக்கும் குழந்தைகளும் இரு மொழிகளைக் கற்க முடியும். குறைபாடு இரண்டிலும் தெரியும், அவ்வளவே. தாய்க்கு எந்த மொழி தங்குதடையின்றி வருமோ அதில் பேசுவதுதான் குழந்தைக்கு ஆகாரம் என்பது இன்று இத்துறையின் பொதுவான முடிவு. காக்ளியர் கருவி பொருத்திய குழந்தைக்கு முதலில் ஒரு மொழியை ஊன்றச் செய்வோம் என்று சிகிச்சையாளர் சொல்வதில் நியாயம் உண்டு. அந்த ஒரு மொழி வீட்டு மொழியாக இருக்க வேண்டும் என்பதுதான் அடிக்கடி விட்டுப்போகிறது.

சிகிச்சையாளர்களை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. அவர்களிடம் கருவி இல்லை. இந்தியாவில் இந்தத் துறையின் தாய்வீடு 1965ல் மைசூரில் நிறுவப்பட்ட அகில இந்தியப் பேச்சு, செவித்திறன் கழகம். பாடப் புத்தகங்களும் சோதனைகளும் அமெரிக்காவிலிருந்து வந்தன. பனிமனிதனையும் வாத்துக்கோழியையும் காட்டிக் குழந்தையிடம் பெயர் கேட்ட காலம் அது. தமிழுக்கும் மலையாளத்துக்கும் உச்சரிப்புச் சோதனைகள் பின்னாளில் அங்கேயே மாணவர்களின் ஆய்வேடுகளாகத்தான் முளைத்தன. திருவனந்தபுரத்தில் நிஷ் என்று அழைக்கப்படும் தேசியப் பேச்சு, செவித்திறன் நிறுவனம் 1997ல் வந்த பிறகு மலையாளத்துக்கு ஒரு வீடு கிடைத்தது. கேரளத்தில் வளரும் தமிழ்க் குழந்தை இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது.

இத்தனைக்கும், வாய்க்குள் ஒலி பிறக்கும் இடத்தைப் பற்றி அக்கறைப்படத் தமிழர்களுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. தொல்காப்பியத்தின் எழுத்ததிகாரத்தில் பிறப்பியல் என்று ஒரு முழு இயலே இதற்காக இருக்கிறது. உந்தியிலிருந்து எழும் காற்று எங்கே தங்கி, நாக்கும் பல்லும் இதழும் மூக்கும் அண்ணமும் எப்படி அமைந்தால் எந்த எழுத்து பிறக்கும் என்று அதில் வரிசையாகச் சொல்லப்படுகிறது. சிகிச்சையாளர் இன்று கண்ணாடி முன் குழந்தையை உட்காரவைத்து நாக்கின் நுனியை மேலண்ணத்துக்குத் தூக்கச் சொல்வது அதே பாடத்தின் செய்முறை வகுப்பு. ர, ற, ழ கடைசியாகத்தான் கைகூடும். நாலு வயதுப் பிள்ளை வாழைப்பழத்தை 'வாயைப்பயம்' என்றால் பதற வேண்டாம். (பெரியவர்கள் சொன்னால் என்ன செய்வது என்பது வேறு கதை.) ஒரு வயதில் ஒரு சொல், இரண்டு வயதில் இரண்டு சொல் சேர்ந்த தொடர். இவை வரவில்லையென்றால்தான் பதற வேண்டும். அதுவும் முதலில் காதைப் பற்றி.

பேசும்போது மட்டும்

பேச்சு சிகிச்சை என்றால் குழந்தைகள் மட்டும் என்பது பொதுவான நினைப்பு. பக்கவாதத்தில் தப்பியவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு ஆரம்பத்தில் மொழி பாதிக்கப்படுகிறது. புத்தி தெளிவாக இருக்கும். சொல் மட்டும் வராது. 1861ல் பாரிசில் பால் புரோக்கா பார்த்த நோயாளி எதைக் கேட்டாலும் 'டான்' என்ற ஒரே அசையைத்தான் சொன்னார். அவர் இறந்த பிறகு மூளையைத் திறந்து பார்த்தபோது இடது முன்பகுதியில் சேதம் இருந்தது. மொழிக்கு மூளையில் ஒரு முகவரி இருக்கிறது என்பது அன்று தெரிந்தது. பல மொழி தெரிந்தவருக்கு எது முதலில் திரும்பும்? முதலில் கற்றது என்றார் ரிபோ. அதிகம் புழங்கியது என்றார் பித்ரே. இருவரும் 19ம் நூற்றாண்டுப் பிரெஞ்சுக்காரர்கள். இருவர் சொன்னபடியும் நடப்பதுண்டு, இரண்டுக்கும் மாறாக நடப்பதும் உண்டு. கொங்கணியில் பிறந்து, மலையாளத்தில் வியாபாரம் செய்து, ஆங்கிலத்தில் கணக்கெழுதிய மட்டாஞ்சேரிக் கிழவருக்கு எந்த மொழியில் சிகிச்சை தொடங்குவது என்பது புத்தகத்தைப் பார்த்துச் சொல்லக் கூடியது அல்ல. பேச முடியாதவரிடம் பாட்டு மிஞ்சியிருப்பதும் உண்டு. ராகத்தைப் பிடித்துக்கொண்டு சொல்லுக்குப் போகும் சிகிச்சை முறை 1970களில் அமெரிக்காவில் உருவானது.

தொண்டைப் புற்றுநோயில் குரல்வளையை இழந்தவர்களுக்குப் பெங்களூர் டாக்டர் விஷால் ராவ் நூறு ரூபாய்க்கும் குறைந்த செலவில் 'ஓம்' என்ற செயற்கைக் குரல் கருவியை உருவாக்கினார். வெளிநாட்டிலிருந்து வருபவை பல ஆயிரம் ரூபாய்.

திக்குவாய்க்கு மருந்து இல்லை, பயிற்சி உண்டு. சிறு குழந்தைகளில் நூற்றுக்கு ஐந்து பேருக்கு வருகிறது, பெரும்பாலோருக்குத் தானாகவே போய்விடுகிறது. போகாதவர்களில் கேரளத்தின் மிகப் புகழ்பெற்றவர் 1957ல் மாநிலத்தின் முதல் முதலமைச்சரான இ.எம்.எஸ். நம்பூதிரிபாடு. எப்போதும் திக்குமா என்று ஒருவர் கேட்டதற்கு, இல்லை, பேசும்போது மட்டும்தான் என்று அவர் பதில் சொன்னதாகக் கேரளத்தில் இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். திக்கிக்கொண்டே சட்டசபையையும் பொதுக்கூட்டத்தையும் ஆண்டவர் அவர். திக்குகிற பிள்ளையை வகுப்பில் எழுந்து நின்று வாசிக்கச் சொல்லிவிட்டுச் சிரிக்கும் பள்ளிக்கூடங்கள் மட்டும் குறையவில்லை.

சட்டம் இவர்களை மெதுவாகத்தான் பார்த்தது. 1995ன் ஊனமுற்றோர் சட்டம் ஏழு வகைகளை அங்கீகரித்தது. செவித்திறன் அதில் இருந்தது. பேச்சும் மொழியும் தனியாக இல்லை. 2016 சட்டத்தில் வகைகள் 21 ஆகின. குரல்வளை இழப்பும் பக்கவாதத்தால் வரும் மொழி இழப்பும் முதன்முறையாக ஊனமாகக் கருதப்பட்டன. 2011 கணக்கெடுப்பின்படி நாட்டில் கேட்கும் குறையுள்ளோர் சுமார் 50 லட்சம், பேச்சுக் குறையுள்ளோர் சுமார் 20 லட்சம். 2013ல் தொடங்கிய தேசியக் குழந்தை நலத் திட்டத்தின் மாவட்ட மையங்களில் பேச்சு சிகிச்சையாளருக்கு ஓர் இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. ஒரே ஓர் இடம். மாவட்டம் முழுவதற்கும்.

கருவி பலிக்காத, அல்லது காலம் கடந்து வந்த குழந்தைக்கு என்ன வழி? 1880ல் மிலான் நகரில் கூடிய கல்வியாளர்கள் பள்ளிகளில் சைகை மொழி கூடாது, வாய்ப்பேச்சு மட்டுமே என்று தீர்மானம் போட்டனர். அதற்கு வருத்தம் தெரிவிக்க 2010 வரை ஆயிற்று, வான்கூவர் மாநாட்டில். இந்தியாவில் 2015ல் சைகை மொழிக்கென்று டெல்லியில் ஒரு மையம் வந்தது. 2021ல் அதன் அகராதி 10,000 சொற்களை எட்டியது. நிஷ் நிறுவனத்தில் காது கேளாத இளைஞர்கள் சைகை மொழி வழியாகப் பட்டப்படிப்பே படிக்கிறார்கள். இருந்தும், சைகை கற்றால் பேச்சு வராது என்ற பயம் பெற்றோர்களிடம் இன்னும் போகவில்லை. கையால் கேட்டுப் பெற்ற குழந்தை வாயால் கேட்கச் சோம்பும் என்பது அவர்கள் வாதம். ஒரு வழியிலாவது கேட்டுப் பெறத் தெரிந்த குழந்தைதான் அடுத்த வழியைத் தேடும் என்பதற்கே சான்றுகள் அதிகம்.

ஜூன் மாதம் கொச்சியில் மழை பிடித்தால் காற்றே ஈரம். வெளிக்கருவிக்கு ஈரம் ஆகாது. இரவில் அதைக் காதிலிருந்து கழற்றி, ஈரம் உறிஞ்சும் குறுமணிகள் போட்ட உலர்பெட்டிக்குள் வைத்து மூட வேண்டும். கழற்றிய நிமிடத்திலிருந்து காலை வரை குழந்தைக்கு ஒன்றும் கேட்காது. மழையும் இடியும் கூட. ஆகவே இந்த வீடுகளில் பெட்டியின் மூடியைத் திறப்பதற்கு முன்பே கதையைச் சொல்லி முடித்துவிடுகிறார்கள்.